பதினாறாவது மெட்டு

தண்ணீர் லாரி தாமதமாக வந்த ஒரு சாயங்காலம், மூன்றாம் மாடி மோட்சமும் தரைத்தள பிபியானாவும் ஒரே குழாயின் ஒரே நுனியை ஆளுக்கொரு கையால் பிடித்துக்கொண்டு, வழக்கமான வசவுகளை வழக்கமான வரிசையில் வீசிக்கொண்டிருந்தபோது, முற்றத்துக் காற்றிலிருந்து தவிலும் எலெக்ட்ரிக் கிதாரும் சேர்ந்து ஒலிக்க ஆரம்பித்தன. ஒருத்தரும் அண்ணாந்து பார்க்கவில்லை. மோட்சம் மட்டும், “சத்தத்தைக் கொறைங்கட்டி, நான் ஏசுதது இவளுக்குக் கேக்க வேண்டாமா” என்று பொதுவாகச் சொல்லிவிட்டு, விட்ட இடத்திலிருந்து பிபியானாவின் மாமனார் வழியைத் தொடர்ந்தாள். பிபியானா வாயைத் திறந்ததும் தவில் பின்வாங்கியது. குக்கர் விசில் மாதிரி ஒரு வயலின் கிளம்பி மேலே ஏறியது. தவில் மோட்சத்துடையது, வயலின் பிபியானாவுடையது என்று யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. கோயில் வாசலில் கிடக்கும் குவியலில் தன் செருப்பைக் கால் தானே தேடிக்கொள்வது போல, அலைவாய் குடியிருப்பில் அவரவர் மெட்டை அவரவர் காது அந்த வாரத்துக்குள் கண்டுபிடித்துக்கொண்டது.

காற்றிலிருந்து இசை எப்படி வரும் என்று கேட்கிறவர்கள் வேறு வேலை இல்லாதவர்கள். எங்கள் குடியிருப்பில் எல்லோருக்கும் வேலை இருந்தது. துறைமுகத்துக்குப் போகும் சாலையில், உப்புக்காற்றில் கம்பியெல்லாம் துருப்பிடித்து நிற்கும் நான்கு மாடிக் கட்டிடம்; மாடிக்கு நான்கு வீடு; நடுவில் முற்றம்; முற்றத்தில் ஒரு தொட்டி. தொட்டி நீர் கஞ்சிக்குக்கூட உதவாத உப்பு என்பதால் குடிக்கவும் குளிக்கவும் லாரி வர வேண்டும், லாரி வந்தால் சண்டை வர வேண்டும். இதுதான் நடைமுறை.

ஆனால் மெட்டு எங்கிருந்து கிளம்பியது என்பது எல்லோருக்கும் தெரியும். இரண்டாம் மாடி லாம்பர்ட், முன்பு பூசைக்கும் கலியாணக் கச்சேரிக்கும் கீபோர்டு வாசித்தவன், பெங்களூர் கம்பெனி ஒன்றுக்காக ஒரு சண்டை வீடியோ கேமுக்கு இசை போட்டுக்கொண்டிருந்தான். பதினாறு சண்டைக்காரர்கள், ஆளுக்கொரு மெட்டு. எவன் அடிக்கிறானோ அவன் மெட்டு ஓங்கும், எவன் விழுகிறானோ அவன் மெட்டு அறுந்துபோகும். லாம்பர்ட் அதற்கு முன் ஒரு பூனையைக்கூட அதட்டியதில்லை. மாதக்கணக்கில் ஒன்றும் வராமல் உட்கார்ந்திருந்தவன், ஒருநாள் புழுக்கம் தாங்காமல் முற்றத்துப் பக்க ஜன்னலைத் திறந்தான். கீழே லாரி நின்றது. அன்றிலிருந்து அவனுக்குப் பஞ்சமே இல்லை. கொண்டையை முடிந்துகொண்ட பிறகே வாயைத் திறக்கும் மோட்சம் ஒரு மெட்டு ஆனாள். எல்லா வாக்கியத்தையும் கேள்வியாக முடிக்கும் பிபியானா ஒரு மெட்டு ஆனாள். துறைமுக அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வுபெற்று இப்போது சங்கச் செயலாளராக எங்களை ஓயவிடாத தொபியாஸ் அண்ணாச்சி, சாவு வீட்டு பேண்டு வாத்தியத்தில் வரும் பெரிய குழல் ஆனார். வீட்டுக்கு ஒரு வாய் என்று பதினைந்து வீட்டையும் முடித்து, பதினாறாவதாக மிச்சமிருந்தது அவன் வீடு.

அதைத் தன் மனைவி அமலோற்பவத்துக்கென்றுதான் வைத்திருந்தான். அமலி என்போம். ஒல்லியாக, கதவைத் திறந்தால்கூடக் கதவிடம் மன்னிப்புக் கேட்கிறவளைப் போல இருப்பாள். அந்தச் சமயத்தில்தான் லாம்பர்ட்டின் அக்கா புளோரா, கணவன் கப்பலில் இருக்கிறான், அவன் வரும்வரை தம்பி வீட்டில் இருக்கிறேன் என்று இரண்டு பெட்டியோடு வந்து இறங்கினாள். அவள் குரல் அவளுக்கு முன்னால் படியேறியது. லாம்பர்ட் தாள வாத்தியங்களைப் பதிவு செய்ய கொச்சி வரை போய்விட்டு வந்தான். வந்த கையோடு கதவைச் சாத்திக்கொண்டு ஒரே மூச்சில் பதினாறாவது மெட்டைப் போட்டு முடித்தான். தேவாலயத்து ஆர்கன், அதன் கீழே பறை, முடிவில் நாற்பது குரல் சேர்ந்து பாடுகிற ஒரு எழுச்சி. அது புளோராவுக்குப் போட்டது. பதினேழாவது ஒன்றைக் கம்பெனி கேட்கவில்லை.

மெட்டுகள் பெங்களூருக்குப் போன வாரமே முற்றத்துக்கும் வந்துவிட்டன. பங்குச்சாமியாரை அழைத்துத் தீர்த்தம் தெளிக்கச் சொன்னோம். அவர் தெளித்துவிட்டு, தெளித்த கையோடு மோட்சத்திடம் பாடற்குழுவுக்கு ஏன் வருவதில்லை என்று கேட்கப்போக, தவில் ஒலித்த ஒலியில் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அவருக்கு மெட்டு இல்லையே, பாவம்.

அதற்குப் பிறகு சங்கக் கூட்டம் கூடியது. மெட்டை நிறுத்துவது பற்றி யாரும் பேசவில்லை. ஒழுங்குபடுத்துவது பற்றித்தான் பேசினோம். பிள்ளைகளுக்குப் பரீட்சை நடக்கும் வாரத்தில் சண்டை கிடையாது. பெரிய வெள்ளியன்று கிடையாது. தகராறு எதுவானாலும் இரண்டு பேரும் முற்றத்தில் எதிரெதிரே நிற்க வேண்டும், எவருடைய மெட்டு கடைசிவரை நிற்கிறதோ நியாயம் அவர் பக்கம், மேல்முறையீடு இல்லை. தொபியாஸ் அண்ணாச்சி எழுந்து மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, “மெட்டு ஒலிக்காத தரப்பு, ஆஜராகாத தரப்பாகக் கருதப்படும்” என்று ஒரு விதியைச் சேர்த்தார். முப்பது வருடம் அலுவலகத்தில் இப்படி ஒரு வாக்கியத்தை எழுத அவர் காத்திருந்திருக்க வேண்டும். எல்லோரும் கையைத் தூக்கினோம். அமலியும் தூக்கினாள்.

எங்களுக்கு அது நல்ல காலமாகத்தான் இருந்தது. மின்கணக்கு எடுக்க வருகிறவனுக்கு மெட்டு இல்லை, கேபிள்காரனுக்கு மெட்டு இல்லை, மீன்காரிக்கு மெட்டு இல்லை. வெளியாள் எவர் வந்து எதிரே நின்றாலும் ஆஜராகாதவராகி, நாங்கள் சொன்னதற்குத் தலையாட்டிவிட்டுப் போனார். பெண் பார்க்க வந்தவர்கள் சமையல் தெரியுமா என்று கேட்பதை விட்டுவிட்டு, எங்கே, எதிர்வீட்டு அம்மாவோடு ஒரு வார்த்தை தகராறு பண்ணிக் காட்டும்மா என்றார்கள். ஞாயிற்றுக்கிழமை இரண்டாம் பூசை முடிந்ததும் மாடிக்கம்பிகளில் முழங்கையை ஊன்றிக்கொண்டு, மிக்சர் தட்டுகளோடு, முற்றத்தைப் பார்த்து நிற்பது வழக்கமாயிற்று.

அப்படி நின்ற ஒரு ஞாயிறன்றுதான் லாம்பர்ட் ஒரு விஷயத்தை வாய்விட்டுச் சொன்னான். மோட்சத்துக்கு எதிரே நின்ற பிபியானாவின் வயலின் திடீரென்று ஓட்டமாக ஓடுகிறதே, ஏன் என்று யாரோ கேட்டார்கள். “கேமுல ஒவ்வொருத்தனுக்கும் உயிர்க்கோடு ஒண்ணு இருக்கும். அடிவாங்கி அடிவாங்கி அது தீரப்போகுற நேரத்துல மெட்டு ரெட்டை வேகத்துக்கு மாறும். இன்னும் ஒரு அடிதான், முடிஞ்சிரும்னு அர்த்தம்” என்று சொல்லிவிட்டு மிக்சரில் கடலையைப் பொறுக்கினான்.

முன்பெல்லாம் சண்டையில் ஒருத்தியின் உதடு நடுங்கினால், கண் நிறைந்தால், நடுவே யாராவது வந்து “விடுங்கட்டி, போதும்” என்பார்கள். எப்போது போதும் என்பது யாருக்கும் சரியாகத் தெரியாது, அதனால் கொஞ்சம் முன்கூட்டியே சொல்லிவிடுவார்கள். இப்போது எங்களுக்குச் சரியாகத் தெரிந்துவிட்டது. வயலின் ஓட்டமெடுத்ததும் முற்றமே மூச்சை அடக்கியது. மோட்சம் கொண்டையை அவிழ்த்து மறுபடி முடிந்துகொண்டாள். பிறகு குரலை உயர்த்தாமல், ஏறக்குறைய பிரியமாகவே சொன்னாள்: “உம் மவன் கலியாணத்துல, அவன் ஆபீஸ்காரங்க கேட்டதுக்கு, உன்னைப் பெரியம்மான்னு சொன்னான்லா. நானும் பக்கத்துலதான நின்னேன்.”

பிபியானா தொட்டி மூடியின்மேல் உட்கார்ந்தாள். வயலின் அறுந்தது. தவில் முழங்கியது. நாங்கள் கை தட்டினோம்.

அன்றைக்குப் பிறகு சாதாரண வசவுக்கு மதிப்புப் போய்விட்டது. குரங்கே, மூதேவி என்பதெல்லாம் மெட்டை ஓங்கவைக்கப் பயன்படும், அவ்வளவுதான். ரெட்டை வேகம் வந்த பிறகு சொல்வதற்கென்று ஒரு வாக்கியம் வேண்டும். ஒவ்வொருத்தரும் மற்றவர்களைப் பற்றி அப்படி ஒன்றைத் தேடிச் சேர்த்து, பீரோவின் உள்ளறையில் நகை வைப்பது போல வைத்துக்கொண்டோம். பக்கத்து வீட்டில் காய்ச்சல் என்றால் கஞ்சி கொண்டுபோய்க் கொடுத்தோம். கொடுத்துவிட்டு, சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு வந்தோம்.

அமலிக்கு மட்டும் இதில் எதுவும் இல்லை. லாரி வந்தால் அவள் குடத்தை எவர் நகர்த்தினாலும் அவர் மெட்டு ஒலித்தது, அவள் ஆஜராகாதவள் ஆனாள். கடைசியில் நின்று அடிக்கலங்கலைப் பிடித்துக்கொண்டு போனாள். அவள் துணி காயப்போடும் கொடி போனது. பிறகு வீட்டுக்குள்ளே புளோரா அடுப்படிக்கு வந்து எதிரே நின்று, “மீனுக்கு இம்புட்டுப் புளியா ஊத்துவ?” என்றாள், ஆர்கன் ஒலித்தது, அடுப்படி போனது. அவள் மகள் அன்செல்மா, ஆறு வயது அன்சி, அத்தை கையால் சாப்பிட்டு அத்தையோடு படுத்துக்கொள்ள ஆரம்பித்தாள். ஞாயிறுதோறும் புளோரா பால்கனியில் நின்று கப்பலிலிருக்கும் கணவனோடு போனில் உரக்கப் பேசும்போது, அன்சியும் போனுக்குப் பக்கத்தில் வாயை வைத்து “மாமா, எனக்குப் பொம்மை” என்று கத்துவாள். அமலி கொடியில்லாமல் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு கீழே நிற்பாள்.

ஒரு மத்தியானம், லாம்பர்ட் சாப்பிடும்போது கேட்டாள்.

“எனக்கும் ஒண்ணு போட்டுத் தாங்களேன்.”

“ஆட்டம் முடிஞ்சு போச்சு அமலி. பதினாறு கேட்டான், பதினாறு குடுத்தாச்சு.”

“மதினிக்குப் போட்டது எனக்குன்னு வச்சிருந்ததுதான?”

லாம்பர்ட் விளமீன் துண்டிலிருந்து முள்ளை எடுத்துத் தட்டின் ஓரத்தில் வைத்தான். “உனக்குன்னுதான் உக்காந்தேன். ஒண்ணும் வரலை. நீ என்னைக்காவது சண்டை போட்டாத்தான எனக்குக் கேக்கும்.”

“இப்பக் கேளுங்க” என்று அமலி எழுந்து நின்றாள். முந்தானையைச் செருகிக்கொண்டாள். வாயைத் திறந்தாள். இருமல் வந்தது. லாம்பர்ட் சிரித்துச் சிரித்துப் புரையேறி, அவளே அவன் தலையில் தட்டித் தண்ணீர் கொடுக்க வேண்டியதாயிற்று.

அந்த வாரமே புளோரா தம்பியிடம் சொன்னாள். ஒரு குடம் தண்ணி பிடிக்கத் துப்பில்லாதவள் பிள்ளையை எப்படி வளர்ப்பாள். அவள் மணப்பாட்டுக்கு அவள் அம்மாவிடம் போகட்டும், அன்சி என்னிடம் இருக்கட்டும். லாம்பர்ட் யோசித்தான். யோசித்து, எந்த ஆண்பிள்ளையும் இந்த இடத்தில் கண்டுபிடிக்கிற நியாயத்தைக் கண்டுபிடித்தான். “நான் யார் பக்கமும் பேச மாட்டேன். ரெண்டு பேரும் முற்றத்துல நில்லுங்க. எல்லாருக்கும் என்ன வழக்கமோ அதுதான் நமக்கும்.” ஒருத்திக்கு நாற்பது குரலையும் மற்றவளுக்கு இருமலையும் கொடுத்தவன், இருவருக்கும் பொதுவானவனாக ஞாயிற்றுக்கிழமையைக் குறித்தான்.

அந்த ஞாயிறு ஒரு வீட்டிலும் ஆட்டுக்கறி தீயவில்லை; கறியை இறக்கிவைத்துவிட்டே எல்லோரும் வந்தோம். மோட்சமும் பிபியானாவும் ஒரே தட்டில் முறுக்கு வைத்துக்கொண்டு நின்றார்கள். அன்சி அப்பாவின் விரலைப் பிடித்துக்கொண்டு படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். அமலி ஒரு பையில் இரண்டு சேலையை மடித்துக் கொண்டுவந்து தொட்டிப் பக்கம் வைத்திருந்தாள். தோற்ற பிறகு மேலே ஏறிப்போய் எடுத்துவர வேண்டாமே என்று.

புளோரா தொண்டையைச் செருமியதுமே ஆர்கன் எழுந்தது. அடுத்த மூச்சில் பறை. அமலியின் பக்கம் ஒன்றுமில்லை. தொபியாஸ் அண்ணாச்சி வழக்கப்படி கையை உயர்த்தி, “மெட்டு ஒலிக்காத தரப்பு...” என்று ஆரம்பித்தார்.

“இருங்க அண்ணாச்சி” என்றாள் புளோரா. “நான் இன்னும் பேசவே ஆரம்பிக்கலை.”

ஏன் என்று எங்களுக்குத் தெரியும். அவள் மெட்டின் உச்சம் அந்த நாற்பது குரல். அது வெகுநேரம் கழித்துத்தான் வரும், அதற்குள் எதிரே நிற்பவர் எவரானாலும் விழுந்துவிடுவார்கள். தம்பியின் கம்ப்யூட்டரில் கேட்டதோடு சரி, முற்றத்தில், எல்லோர் முன்னாலும், அவள் அதைக் கேட்டதே இல்லை. இன்றைக்கு எதிரே நிற்பது அமலி. அவளை நின்று நிதானமாக அடிக்கலாம், அவசரமில்லை.

அடித்தாள். அமலியின் அப்பா குடித்துவிட்டுக் கிடந்த சாக்கடையில் ஆரம்பித்தாள். அமலியின் நிறம், அமலியின் பல், சீர்வரிசையில் வந்த துருப்பிடித்த கட்டில். முதல் குழந்தை வயிற்றிலேயே போனது, அது யாருடைய ராசியால் என்பது. ஒவ்வொன்றுக்கும் பறை அதிர்ந்தது. அமலி நின்றாள். வேறு எவராக இருந்தாலும் அவர் மெட்டு ஓடும் ஓட்டத்தில் எங்கே அடிபட்டது, எவ்வளவு மிச்சமிருக்கிறது என்று தெரிந்துவிடும்; இவளிடம் மெட்டே இல்லை, அதனால் ஒன்றும் தெரியவில்லை. விழப்போகிறாளா, அல்லது இதெல்லாம் அவளைத் தொடவே இல்லையா? புளோரா இருட்டறையில் கையை வீசுகிறவள் போல வீசினாள். சேர்த்து வைத்திருந்த வாக்கியங்கள் எல்லாம் தீர்ந்தன. சொன்னதையே மறுபடி சொன்னாள். நாற்பது குரல் இன்னும் வரவில்லை. மேலே கம்பியில் யாரோ கொட்டாவி விட்டார்கள்.

அப்போது அமலி பேசினாள். சத்தமாக இல்லை, உலையில் அரிசி போடலாமா என்று கேட்கிற குரலில்.

“மதினி, அந்தப் போன்ல சிம்மே இல்லையே.”

ஆர்கன் ஒரு கணம் தடுக்கியது. புளோரா, “எந்தப் போன்ல?” என்றாள். கேட்டிருக்கக் கூடாது.

“ஞாயித்துக்கிழமை நீங்க பேசுத போன்ல. நீங்க வந்த மாசமே பெட்டியைத் துடைக்கும்போது பாத்துட்டேன். யாருகிட்டயும் சொல்லலை.”

ஆர்கன் ரெட்டை வேகத்துக்குப் பாய்ந்தது. முற்றம் மூச்சை அடக்கியது. அதற்குள் அமலி பேச்சை நிறுத்தியிருந்தாள். தலையைச் சற்றுச் சாய்த்து, எண்ணெயில் கடுகு வெடித்து ஓய்வதற்குக் காத்திருக்கிறவள் போல, அந்த ஓட்டத்தைக் கேட்டாள். அத்தனை மாதமும் குடத்தோடு கடைசியில் நின்று எல்லோர் சண்டையையும் முழுதாகக் கேட்டவள் அவள் ஒருத்திதான் என்பது அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. அவள் கண் ஒரு தடவை எங்கள் பக்கம் வந்தது. அந்த இடத்தில் ஒருத்தர், ஒரே ஒருத்தர், “போதும்ட்டி” என்று சொல்லியிருக்கலாம்.

“இன்னொண்ணுதான்” என்றாள் பிபியானா, முறுக்கை வாயில் வைத்துக்கொண்டு. “சொல்லிரு.”

அமலி சொன்னாள். “கொச்சியில உங்க வீட்டுக்காரருக்கு வேற குடும்பம் இருக்கு மதினி. பிள்ளைக்கு ஞானஸ்நானம் வச்சப்போ உங்க தம்பி போயி பிரியாணி தின்னுட்டு வந்தாரு. உங்ககிட்டச் சொல்லிராதீங்கன்னு நான்தான் அவரு கால்ல விழுந்தேன். வந்த அன்னைக்கு ராத்திரிதான் உக்காந்து உங்களுக்கு இந்தப் பாட்டைப் போட்டாரு.”

புளோரா தம்பியைப் பார்த்தாள். தம்பி அன்சியின் சடையைப் பார்த்தான். அப்போது வந்தது அந்த நாற்பது குரல். ரெட்டை வேகத்தில், மெலிந்து, கீச்சுக்கீச்சென்று, பொறிக்குள் மாட்டிய எலிகள் மொத்தமாகக் கத்துவது போல. முற்றத்தில், எல்லோர் முன்னாலும், முழுதாகக் கேட்டாள்.

மெட்டு அறுந்து, ஜெயித்தவளின் மெட்டு முழங்க வேண்டும், அதுதான் வழக்கம். ஆனால் ஜெயித்தவளுக்கு மெட்டு இல்லை. யாரிடம் போவது என்று தெரியாமல் அந்த இசை புளோராவிடமே நின்றுவிட்டது. கேமில் மெட்டுக்கு முடிவு என்று ஒன்று கிடையாதாம், முடிந்த இடமும் தொடங்கும் இடமும் ஒட்டும்படி வெட்டித் தைத்திருப்பானாம். ஆர்கன், பறை, எலிகள். ஆர்கன், பறை, எலிகள். தொபியாஸ் அண்ணாச்சி உயர்த்திய கையை எப்போது இறக்குவது என்று தெரியாமல் நின்றார். அமலி பையை எடுத்துக்கொண்டு, மகளின் கையைப் பிடித்துக்கொண்டு மேலேறிப் போய், ஆறியிருந்த உலையை மறுபடி அடுப்பில் ஏற்றினாள்.

இன்றுவரை அது ஓயவில்லை. புளோரா பூசைக்குப் போனால் கூடவே போகிறது, ஆகவே போவதில்லை. தூங்கும்போதும் இரண்டாம் மாடியில் ஓடிக்கொண்டிருக்கிறது. முதலில் காதில் பஞ்சு வைத்தோம், பிறகு பழகிவிட்டது. அதன் தாளத்துக்கு மாவு பிசைந்தால் சப்பாத்தி மிருதுவாக வருகிறது என்று மோட்சம் சொல்கிறாள், உண்மைதான். லாரி வந்தால் அமலியின் குடம்தான் முதலில். அவள் எதிரே நிற்க நேர்ந்தால், எங்களைப் பற்றி என்ன வைத்திருக்கிறாள் என்பதும் தெரியாது, அவளை எங்கே அடித்தால் விழுவாள் என்பதும் தெரியாது, ஆகவே நிற்பதில்லை.

அக்காவின் மெட்டு ஓய ஒரே வழி, அமலிக்கு ஒரு மெட்டைப் போட்டு அதை முழங்கவிடுவதுதான் என்று லாம்பர்ட் உட்கார்ந்து பார்க்கிறான், ஒன்றும் வரவில்லை. ஒரு மத்தியானம் சாப்பாட்டின்போது கெஞ்சியே விட்டான். “ஒரே ஒரு தடவை எங்கூடச் சண்டை போடு அமலி. நான் கேட்டுக்கிடுதேன். அக்கா பாவம்லா.”

அமலி அன்சியின் தட்டிலிருந்த விளமீனில் முள்ளை எடுத்துக்கொண்டிருந்தாள். கடைசி முள்ளையும் எடுத்து ஓரத்தில் வைத்தாள்.

“ஆட்டம் முடிஞ்சு போச்சுன்னு சொன்னீங்களே” என்றாள்.

புளோரா ஞாயிற்றுக்கிழமைகளில் இப்போதும் பால்கனிக்கு வருகிறாள். போனைக் காதில் வைத்துக்கொண்டு நிற்கிறாள், பேசுவதில்லை. கீழே முற்றத்தில் பிள்ளைகள் அவள் மெட்டின் தாளத்துக்குக் கயிறு தாண்டுகின்றன. எந்தப் பிள்ளை தாண்டினாலும் சீக்கிரம் கால் மாட்டிக்கொள்கிறது. அன்சி மட்டும் ஒருமுறையும் மாட்டிக்கொள்வதில்லை. மூச்சு வாங்க, சடை எகிற, குதித்துக்கொண்டே அண்ணாந்து கூப்பிடுகிறாள்.

“அத்தை, இன்னும் கொஞ்சம் வேகமா.”